ஓசியில் பார்த்த படமும் ஊருக்கே போன பத்திரிகையும்

"பொண்ணு யாரு? அத மட்டும் சொல்லு. வேற எதுவும் எனக்கு வாணாம்."

"எந்தப் பொண்ணு மாமா?"

"ஊருக்கெல்லாம் கல்யாணப் பத்திரிக அனுப்பிட்டு, எந்தப் பொண்ணுன்னு என்னையே கேக்கறியா?"

"சத்தியமா நான் அனுப்பல மாமா."

"இது உன் நம்பருதான? இத பாரு. 'எனது திருமணத்திற்கு அன்புடன் அழைக்கிறேன்.' என்னையும் அன்போட அழைச்சிருக்கற. பொண்ணக் குடுக்கறதா இருந்தவனையே விருந்துக்குக் கூப்புட்டுருக்கற. எந்த ஊருல நடக்குது இந்தக் கூத்து?"

கலியமூர்த்தி நடுத்தெருவில் நின்று இப்படிக் கேட்டுக்கொண்டிருந்தார். நல்ல நேரமாகப் பார்த்துத்தான் ஆரம்பித்திருந்தார். எங்கள் தெருவில் எல்லோருக்கும் உப்பளத்து வேலை. இருட்டோடு போய் வெயில் ஏறுவதற்குள் வாரி முடித்துவிட்டுத் திரும்புவோம். அப்படித் திரும்பி, வீட்டுக்கு வீடு வாசலில் நின்று காலில் ஒட்டிய உப்பைக் கழுவிக்கொண்டிருந்த வேளை அது. சண்டைக்கு ஆள் சேர்க்க வேண்டிய அவசியமே இல்லை. எனக்கும் வாசலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவுகிற வேலை இருந்தது. ஒரு குழம்புக்கான கீரை. அன்றைக்கு அது உருவி முடியவே இல்லை.

கலியமூர்த்தி லாரிக்கு லோடு பார்க்கிற மேஸ்திரி. அவர் கேள்வி கேட்டால் மூட்டையே பதில் சொல்லும். எதிரில் நின்ற மணிகண்டன் அளத்தில் மோட்டார் போடுகிறவன். பாத்திக்குத் தண்ணீர் விடுவது, கரையில் குவித்த உப்பு அம்பாரத்துக்குக் காவல் இருப்பது இரண்டும் அவன் பொறுப்பு. கலியமூர்த்தியின் மகள் சங்கீதாவை அவனுக்குக் கொடுப்பதாகப் பேச்சு. ஆவணியில் தேதி குறிப்பதுதான் பாக்கி. இந்த நிலைமையில், ஞாயிற்றுக்கிழமை விடிந்ததும் விடியாததுமாக மாப்பிள்ளையின் போனிலிருந்து தெருவில் உள்ள எல்லோருக்கும் கல்யாணப் பத்திரிகை வந்தால் எந்த மாமனார்தான் சும்மா இருப்பார்? பத்திரிகை என்றால், அந்த ஒரு வரியும் கீழே ஒரு ஃபைலும். திறந்தால் ஒன்றும் வராது. பெண் பெயர் இல்லை, மண்டபம் இல்லை.

மணிகண்டனின் அம்மா விருத்தாம்பாள் ஈரக்காலோடு ஓடி வந்தாள்.

"அண்ணே, எம் புள்ள கல்யாணம் பண்ணா எனக்குத் தெரியாதா? ஒரு சட்ட எடுக்கணும்னாக்கூட என்னத்தான் இட்டுக்கினு போவான்."

"அதத்தான் நானும் கேக்கறேன். உனக்குத் தெரிஞ்சுதான் நடக்குதா?"

பக்கத்து வீட்டு ராசம்மாள் அதுவரை வாய் திறக்காமல் இருந்ததே பெரிய விஷயம். "பாண்டியில இருக்கும்ணே. போன வாரம் பாண்டிக்குப் போனானே" என்று எடுத்துக் கொடுத்தாள்.

"மோட்டாருக்கு பெல்ட்டு வாங்கப் போனேங்க்கா."

"பெல்ட்டு வாங்க எவனாச்சும் சென்ட்டு அடிச்சிக்கினு போவானா?"

மணிகண்டன் சென்ட் அடித்துக்கொண்டு போனது உண்மைதான். அன்றைக்கு நானும் முகர்ந்தேன். ஆனால் பஸ்ஸில் ஏறுகிற ஆண்பிள்ளை உப்புத்தண்ணி வாசனையோடு ஏறக் கூடாது என்பது அவன் கொள்கை. அதை அந்தக் கூட்டத்தில் சொல்லி யார் நம்புவது?

"சங்கீதாவுக்கு போன் போட்டாச்சு. வந்துக்கினு இருக்கறா" என்றார் கலியமூர்த்தி. "அவ வந்ததும், பேசுனது பேசுனதோட போவட்டும்னு சொல்லிடப் போறேன்."

விருத்தாம்பாள் தெருவிலேயே உட்கார்ந்துவிட்டாள். மணிகண்டன் முகத்தைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது. அந்தப் பெண்ணுக்காக அவன் எத்தனை வருஷம் பஸ் ஸ்டாண்டில் வேலையே இல்லாமல் வேலையாக நின்றான் என்பது தெருவுக்கே தெரியும்.

இந்த இடத்தில் முதல் நாள் நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் உங்களுக்கும் பாண்டிச் சந்தேகம் வந்துவிடும்.

சங்கீதாவுக்குச் சென்னையில் ஒரு சினிமா சவுண்ட் ஸ்டுடியோவில் வேலை. படத்தில் கதாநாயகன் நடந்தால் டக் டக் என்று கேட்கிறதே, அது ஷூட்டிங்கில் பிடித்த சத்தம் இல்லையாம். பிறகு ஓர் அறைக்குள், திரையைப் பார்த்துக்கொண்டே, அவன் கால் வைக்கிற நேரத்துக்குச் சரியாக இவள் கால் வைத்து எடுப்பாளாம். "எம் பொண்ணு நடக்கறா, பேரு வாங்கறது அவன்" என்று கலியமூர்த்தி டீக்கடையில் சொல்லாத நாள் கிடையாது. தை மாசம் வந்தவள் இரண்டு மூட்டை கல்லுப்பு கட்டிக்கொண்டு போனாள். எதற்கென்று கேட்டேன். "படத்துக்குங்க்கா" என்றாள். படத்துக்கு எதற்கு உப்பு? ஸ்டுடியோவில் ஊறுகாய் போடுகிறார்கள் என்று நானே ஒரு முடிவுக்கு வந்து, நாலு பேரிடமும் சொல்லிவிட்டேன்.

அந்தப் படம் வெள்ளிக்கிழமை வெளியானது. கடைசியில் பெயர் ஓடும்போது சங்கீதா பெயரும் வரும் என்று கலியமூர்த்தி தெருவுக்கே அறிவித்தார். படம் ஓடியது திண்டிவனத்தில். பஸ், வெயில், டிக்கெட். அப்போதுதான் மணிகண்டனுக்கு மாமனார் மனதைக் குளிர வைக்கிற யோசனை வந்தது.

"எதுக்கு மாமா அலையணும்? நம்ம ஊட்டு டிவியிலயே போடறேன். தெருவே பாக்கட்டும்."

அவன் சொன்னால் சொன்னதுதான். எங்கள் தெருவுக்குப் புதுப்பட மந்திரி அவன். வெள்ளிக்கிழமை வந்த படம் சனிக்கிழமைக்குள் அவன் போனில் இருக்கும். மத்தியானம் சாப்பிட்டுவிட்டுச் சாய்கிற நேரத்தில் எல்லோர் போனுக்கும் லிங்க் வந்துவிடும். எல்லாம் அந்த ஓசிப் பட சைட்டு செய்கிற தருமம். அதை மூடினால் மறுநாள் வேறு பெயரில் திறந்துகொள்ளும். பெயர் மாறினாலும் இவனுக்கு மட்டும் எப்படியோ வழி தெரியும்.

அன்றைக்கு அது படத்தைக் காட்டுவதற்கு முன்னால், இந்த பிளேயரை இறக்கிக்கொள் என்றது. இறக்கினான். அதைப் பார்க்க அனுமதி, இதைப் பார்க்க அனுமதி என்று வரிசையாகக் கேட்டது. மோட்டார் சுவிட்ச் போட்டுப் பழகிய கை அது. பச்சையாக இருந்தால் அழுத்திவிடும். எல்லாவற்றையும் அழுத்தினான்.

படம் ஓடியது. யாரோ ஒருவன் தியேட்டரில் உட்கார்ந்து போனில் பிடித்த படம். முன் சீட்டுக்காரன் தலைதான் அதில் கதாநாயகன். படம் பனிமலையில் நடக்கிறது என்றார்கள். எங்களுக்கு வெள்ளைத்துணி காயப் போட்டது போலத்தான் தெரிந்தது. விசில் சத்தத்தில் வசனமே கேட்கவில்லை. ஒருவன் குறுக்கே எழுந்து போனான். "எங்க போறான் இவன்?" என்றார் ராசம்மாளின் புருஷன் முருகையன். "ஒண்ணுக்குப் போறான், விடு" என்றாள் அவள். அது படத்தில் வருகிற ஆள் இல்லை என்பது இருவருக்கும் கடைசிவரை தெரியாது.

படம் முடிந்ததும் கலியமூர்த்தி எழுந்து நின்றார். இதற்கென்றே வெள்ளைச் சட்டை போட்டு வந்திருந்தார். திரை கறுத்தது. பெயர் வரவில்லை. அந்த இடத்தைக் கத்தரித்துவிட்டு விளம்பரம் போட்டிருந்தார்கள். ஒரு பெண் சீட்டுக்கட்டை விசிறிக் காட்டி, வா, ரம்மி ஆடலாம் என்று எங்கள் எல்லோரையும் கூப்பிட்டாள்.

"இதுவாண்ணே உங்க பொண்ணு பேரு?" என்றாள் ராசம்மாள்.

கலியமூர்த்தி வீட்டுக்குப் போய்ச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினாராம். அவர் பெண்டாட்டி திரௌபதி சொன்னது. மனுஷன் ராத்திரி சோறும் சரியாகச் சாப்பிடவில்லை. அந்த எரிச்சல் ஆறுவதற்குள்தான் மறுநாள் பத்திரிகை வந்து சேர்ந்தது. இப்போது சண்டைக்கு வருவோம்.

விருத்தாம்பாளை எழுப்பி உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்தபோது, ராசம்மாள் போன் 'டிங்' என்றது. பார்த்தாள். மறுபடியும் பார்த்தாள்.

"யோவ். இங்க வாய்யா."

முருகையன் வந்தார்.

"இது இன்னா? 'எனது திருமணத்திற்கு அன்புடன் அழைக்கிறேன்.' உன் நம்பர்லேர்ந்து வந்துருக்குது."

"எனக்குத் திருமணமா?"

"என்னக் கேட்டா? யார்யா அவ?"

"எனக்கே தெரியாதுடி."

"பேரு தெரியாமயே கட்டிக்கப் போறியா?"

முருகையன் செய்தது ஒன்றுதான். மணிகண்டனின் பெண் யாரென்று பார்க்கிற ஆசையில் அந்த ஃபைலை அழுத்தியிருக்கிறார். வெறுமனே அல்ல, திறக்கவில்லை என்று நாலைந்து தடவை அழுத்தியிருக்கிறார். ராசம்மாள் ஈரத் துடைப்பத்தை எடுத்தாள். கலியமூர்த்தி சமாதானம் செய்ய நடுவில் புகுந்த நேரம் அவர் போன் அடித்தது. இடையஞ்சாவடியிலிருந்து மைத்துனன். கலியமூர்த்திக்குக் காது மந்தம் என்பதால் எப்போதும் ஸ்பீக்கரில்தான் பேசுவார். தெருவுக்கு அதில் ஒரு வசதி.

"மாமா, எங்க அக்கா உசுரோடதான இருக்குது?"

"இன்னாடா கேள்வி இது?"

"பத்திரிக வந்துருக்குது மாமா. ரெண்டாந்தாரம்னா எங்க கிட்ட ஒரு வார்த்த சொல்ல மாட்டீங்களா? அம்மா அழுதுக்கினு இருக்குது."

திரௌபதி வாசற்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். இடுப்பில் கை வைத்தாள். "பொண்ணு யாருங்க? அத மட்டும் சொல்லுங்க" என்றாள், நிதானமாக. கலியமூர்த்தி போனைப் பார்த்தார், மணிகண்டனைப் பார்த்தார்.

மொபைல் கடை சிலம்பரசனைக் கூட்டி வந்தோம். அவன் போன்களை வாங்கிப் பார்த்துவிட்டு, "யாரும் எதையும் தொடாதீங்க" என்றான். மணிகண்டன் இறக்கிய பிளேயர் பிளேயரே இல்லையாம். உள்ளே வந்து உட்கார்ந்துகொண்டு, போனில் இருக்கிற எல்லா நம்பருக்கும் கல்யாணப் பத்திரிகை என்ற பெயரில் தன்னையே அனுப்புமாம். திறக்கிறவன் போனிலும் போய் உட்காருமாம். அங்கிருந்தபடியே பேங்க்கிலிருந்து வருகிற ரகசிய நம்பரைப் படித்துப் பணத்தை அள்ளிக்கொண்டு போகுமாம்.

"மணி, உன் கணக்குல ஏதாச்சும் போச்சா?"

"போறதுக்கு இன்னா இருந்துச்சி?"

"தப்பிச்ச. முருகையன் மாமா, நீங்க இப்பவே பேங்க்குக்கு போன் போட்டு நிறுத்தச் சொல்லுங்க."

எல்லாப் போனையும் துடைத்துப் புதுசாக்கினான். விருத்தாம்பாள் ஆசையாக எடுத்து வைத்திருந்த பேத்தி காதுகுத்துப் படங்கள் அத்தனையும் போயின. "ஓசின்னு வர்றதையெல்லாம் தொடாதீங்கன்னு எத்தினி வாட்டி சொல்றது" என்று சிலம்பரசன் போகும்போது புத்தி வேறு சொன்னான். அவன் கடையே மெமரி கார்டில் புதுப்படம் ஏற்றிக் கொடுத்து வளர்ந்ததுதான். நான் அப்போது எதுவும் சொல்லவில்லை. அவன் தெருமுனை திரும்பின பிறகு சொன்னேன்.

மத்தியான பஸ்ஸில் சங்கீதா வந்து இறங்கினாள். தோளில் பை, முகத்தில் தூக்கம். ஆளுக்கு ஆள் முந்திக்கொண்டு கதையைச் சொன்னோம். அப்பாவின் ரெண்டாம் கல்யாணம் வந்ததும் அவள் சிரித்த சிரிப்பில் மணிகண்டனுக்கு உயிர் வந்தது. வந்த உயிர் கொஞ்ச நேரம்தான் இருந்தது.

"சரி, இந்தக் கருமத்த எதுக்கு எறக்குன?"

"படம் பாக்க."

"எந்தப் படம்?"

மணிகண்டன் மின்கம்பத்தைப் பார்த்தான். விருத்தாம்பாள்தான், பாவம், உதவி செய்வதாக நினைத்து, "உன் படந்தாம்மா. மாமா பாக்கட்டும்னு ஆசையா போட்டான்" என்றாள்.

சிரிப்பு நின்றது. பையை இறக்கிக் கீழே வைத்தாள்.

"பேரு வந்துச்சாப்பா?"

"வெட்டிட்டாங்கம்மா" என்றார் கலியமூர்த்தி.

"ஹீரோ கோடிக்கணக்குல வாங்கறான் சங்கீ" என்றான் மணிகண்டன். "நான் ஒருத்தன் ஓசில பாத்தா அவனுக்கு இன்னா கொறஞ்சிடும்?"

"அவருக்கு ஒண்ணும் கொறையாது. எடுக்கறதுக்கு முன்னாடியே வாங்கிட்டுப் போயிட்டாரு. படம் ஓடலன்னா அடுத்த படத்துல யார மொதல்ல நிறுத்துவாங்கன்னு நெனைக்கற? காலடிச் சத்தம் எடுக்கற பொண்ணத்தான்."

"நான் ஒருத்தன்தான..."

"நீயா ஒருத்தன்? தெருவுக்கே லிங்க் அனுப்பறவன் நீ. அம்பாரத்துல எவனாச்சும் ஒரு சட்டி உப்பு அள்ளுனா டார்ச்சு எடுத்துக்கினு தொரத்தறியே, எதுக்கு? மலையாட்டம் கெடக்குது. ஒரு சட்டிதான?"

"அது வேற. அது பாடுபட்டு வாருனது."

சொல்லி முடித்ததும் அவனே வாயை மூடிக்கொண்டான். கருவாட்டுக்கு என்று எப்போதோ ஒரு சட்டி அள்ளியிருந்த ராசம்மாள் மழை வருமா என்று வானத்தைப் பார்த்தாள்.

"திண்டிவனத்துல ஓடுதுல்ல? எல்லாரையும் இட்டுக்கினு போ. கடைசிப் பேரு போற வரைக்கும் ஒருத்தரும் எந்திரிக்கக் கூடாது. அதுக்கப்புறம் ஆவணியப் பத்திப் பேசிக்கலாம். இல்லன்னா பேச ஒண்ணும் இல்ல."

இரண்டு நாள் கழித்து, அளத்து வேலை முடிந்த கையோடு, உப்பு மூட்டை ஏற்றுகிற குட்டியானை வண்டியில் சங்கீதாவையும் கூட்டிக்கொண்டு கிளம்பினோம். காலிச் சாக்கு விரித்து உட்கார்ந்ததில் அத்தனை பேர் பின்பக்கமும் வெள்ளை. டிக்கெட் மணிகண்டன் செலவு. கலியமூர்த்தி மட்டும் தன் டிக்கெட்டைத் தானே வாங்கினார். பேச்சு முடியாமல் மாப்பிள்ளை காசில் படம் பார்ப்பது முறையில்லையாம்.

இருட்டோடு எழுந்த உடம்பு, வயிறு நிறையச் சோறு, மேலே ஏசி, கீழே மெத்தை சீட்டு. டைட்டில் முடிவதற்குள் முருகையன் போய்விட்டார், அதாவது தூக்கத்துக்கு. இடைவேளைக்குப் பிறகு விருத்தாம்பாளின் குறட்டை முன் வரிசை வரை போனது. பெருமைக்குச் சொல்லவில்லை, நான் தூங்கவில்லை. எல்லோரும் தூங்குகிறார்களா என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

பனிமலைக் காட்சி வந்தது. தொலைந்த தம்பியைத் தேடிக் கதாநாயகன் தனியாக நடக்கிறான். பாட்டு இல்லை, பின்னணி இசை இல்லை. கண்ணுக்கெட்டிய தூரம் வெள்ளை. காலடி மட்டும் கேட்கிறது. நறுக். நறுக். நறுக்.

விருத்தாம்பாள் தூக்கத்திலேயே எழுந்து நின்றாள்.

"எவன்டா அவன் அம்பாரத்து மேல ஏர்றது? எறங்குடா கீழ."

பக்கத்தில் முருகையன் அரைக்கண்ணோடு சீட்டுக்கடியில் டார்ச் தேடினார். தியேட்டரே சிரித்தது. திரையில் அந்தக் கதாநாயகன் மட்டும் எதுவும் தெரியாமல் நடந்துகொண்டிருந்தான்.

கலியமூர்த்தி விருத்தாம்பாளின் முந்தானையைப் பிடித்து உட்கார வைத்தார். "கத்தாத விருத்தாம்பா. திருடன் இல்ல. எம் பொண்ணுதான் நடக்கறா. நம்ம உப்பு மேல நடக்கறா."

எங்கள் வரிசை முழுக்க நிமிர்ந்து உட்கார்ந்தது. "ஆமாண்டி, நம்ம அளந்தான்" என்றாள் ராசம்மாள். "ஈரம் காயாத உப்பு. கேளு." அதற்குப் பிறகு யாரும் தூங்கவில்லை. அவன் நடக்கிற ஒவ்வொரு அடிக்கும் எங்கள் ஆட்கள் தலையை ஆட்டினார்கள். அந்த இரண்டு மூட்டை எதற்கென்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. ஊறுகாய்க் கதையை நான் சொன்னதாக யாரும் ஞாபகப்படுத்தவில்லை, நல்ல மனுஷர்கள்.

படம் முடிந்தது. விளக்கு எரிந்தது, கதவு திறந்தது, கூட்டம் எழுந்தது, திரை பொசுக்கென்று அணைந்தது. கலியமூர்த்தி சட்டைக் காலரைச் சரிசெய்தபடி பாதியில் நின்றார்.

"இங்கயும் வெட்டறாங்களா?" என்றார், யாரிடமும் இல்லாமல்.

மணிகண்டன் ஓடினான். ஆபரேட்டர் சகாயராஜ் என்பவருக்கு, கதை முடிந்ததும் படத்தை நிறுத்திவிட்டு வீட்டுக்குச் சாப்பிடப் போகிற வழக்கமாம். மாடியில் இவன் அவர் காலில் விழுந்தானா, கையைப் பிடித்தானா என்பது இன்றுவரை தீர்மானமாகவில்லை. கேட்கிற ஆளுக்குத் தகுந்தாற்போல் சொல்கிறான். ஆனால் விளக்கு அணைந்தது. திரை எரிந்தது. பெருக்க வந்த அம்மாள் துடைப்பத்தோடு ஓரமாக நின்றாள். எங்கள் ஒரு வரிசைக்காகப் பெயர்கள் ஓடின.

எல்லாம் இங்கிலீஷ். கலியமூர்த்திக்கு இங்கிலீஷ் வராது. ஆனால் மகள் பெயர் இங்கிலீஷில் எப்படி இருக்கும் என்பதை ஆதார் கார்டில் பார்த்துப் பார்த்து வைத்திருந்தார். எத்தனையோ பேர் போனார்கள். லைட் தூக்கினவர், வண்டி ஓட்டினவர், சாப்பாடு போட்டவர், சாப்பாடு போட்டவருக்கு உதவி. திடீரென்று அவர் முன் சீட்டைப் பிடித்துக்கொண்டு, "இதோ, இதோ" என்றார். மற்றவர்கள் எங்கே எங்கே என்பதற்குள் அது மேலே போய்விட்டது. விருத்தாம்பாள் செருப்பைத் தேடிக் குனிந்திருந்ததால் கோட்டை விட்டாள். இன்னொரு தடவை காட்டச் சொல்ல மணிகண்டன் மறுபடியும் மாடிக்குக் கிளம்பினான். சங்கீதா சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

"போதும், அவரு சாப்புடப் போவட்டும்."

கலியமூர்த்தி கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஏசி ஒத்துக்கொள்ளவில்லை என்றார்.

"அப்பா" என்றாள் சங்கீதா, "ஆவணியில மொத முகூர்த்தம் என்னிக்குன்னு பாக்கச் சொல்லுங்க."

அந்த முதல் முகூர்த்தத்திலேயே கல்யாணம் நடந்தது. பத்திரிகையை மணிகண்டன் காகிதத்தில் அச்சடித்து, வீடு வீடாகக் கையில் கொடுத்தான். போனில் அனுப்பினால் எவன் திறப்பான்? ராசம்மாள் அந்தக் காகிதத்தையும் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுத்தான் வாங்கினாள். இப்போது இருவரும் சென்னையில். அவன் ஒரு ஸ்டுடியோவில் ஜெனரேட்டர் பார்க்கிறான். மாசம் ஒரு தடவை வந்து இரண்டு மூட்டை கல்லுப்பு கட்டிக்கொண்டு போகிறான். சிலம்பரசன் கடையை பொம்மையார்பாளையத்துக்கு மாற்றிக்கொண்டு, குயிலாப்பாளையத்துப் பெண்ணைக் கட்டிக்கொண்டான். மெமரி கார்டு வியாபாரம் அங்கேயும் உண்டா என்று விசாரித்து வைத்திருக்கிறேன், உண்டு.

தெரு திருந்திவிட்டது என்று நான் எழுதினால் நீங்கள் நம்பப் போவதில்லை. சங்கீதா ஊருக்கு வருகிற வாரத்தில் யாரும் ஓசிப் படம் பார்ப்பதில்லை. மற்ற வாரங்களில், பார்க்கிறவர்கள் கதவைச் சாத்திக்கொண்டு பார்க்கிறார்கள். முன்னெல்லாம் கதவு திறந்துதான் இருக்கும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பத்திரிகை அனுப்பிய மூன்று பேரில் கல்யாணம் ஆனது மணிகண்டனுக்கு மட்டும்தான். கலியமூர்த்தி இன்னும் திரௌபதியோடுதான் இருக்கிறார். முருகையனும் ராசம்மாளோடுதான் இருக்கிறார், ஆனால் போன் ராசம்மாளிடம் இருக்கிறது.